திரும்பி வரும் கேமும் புறப்படும் மகனும்

ராசா,

நீ கீழே இருக்கிறாய், நான் மேலே இருக்கிறேன். நடுவில் ஒரு மரப்படி. கூப்பிட்டால் கேட்கிற தூரத்தில் இருக்கிற பிள்ளைக்குக் கடிதம் எழுதுகிற முதல் ஆள் நானாகத்தான் இருப்பேன் என்று நீ சிரிக்கலாம். சிரி. வாயால் சொல்லப்போனால் எனக்கு ஒன்றும் ஒழுங்காக வராது என்பது உனக்குத் தெரியும். ஞாயிற்றுக்கிழமை குசினியில் அதைத்தான் பார்த்தாய். சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் நீ படித்த தமிழுக்கு இதை எழுத்துக்கூட்டி வாசித்து முடிக்க ஒரு பின்னேரம் போகும். அது நல்லது. சுருக்கமாகச் சொன்னால் "ஓகே அப்பா" என்று பெருவிரல் படம் ஒன்றை அனுப்பிவிட்டு வேலையைப் பார்ப்பாய். நீ வாசித்த பிறகு இதைக் கனடாவில் வருகிற தமிழ்ப் பத்திரிகை ஒன்றுக்குக் கொடுக்கலாமோ என்றும் ஒரு யோசனை இருக்கிறது. பெயர் போடமாட்டேன், பயப்படாதே. விட்பியிலும் ஒஷாவாவிலும் பேஸ்மென்றில் இருக்கிற பிள்ளையோடு கதைக்கத் தெரியாத தகப்பன்மார் என்னைப் போலக் கனபேர் இருக்கிறார்கள்.

ஞாயிற்றுக்கிழமை நீ மேலே வந்தபோது நான் முதல் நாள் இடியப்பத்தைச் சூடாக்கிக்கொண்டிருந்தேன். வந்து ஃபிரிட்ஜைத் திறந்தாய், மூடினாய், திரும்பவும் திறந்தாய். உனக்குச் சொல்ல ஏதோ இருக்கிறது என்று எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது. அம்மாவிடம் பரீட்சைப் புள்ளி சொல்ல வருகிறபோதும் நீ இப்படித்தான் ஃபிரிட்ஜோடு மினக்கெடுவாய்.

"அப்பா, அந்தப் பழைய கொலிஜ் பாஸ்கற்போல் கேம் இருக்கெல்லோ, சின்னனிலை நான் விளையாடினது? அது திரும்பி வருது."

"இவ்வளவு காலத்துக்குப் பிறகோ?"

"ஓம். அதைச் செய்யிற இடத்திலை இருந்து என்னைக் கேக்கினம். ஆட்டக்காரர் ஓடுறது, பாயிறது எல்லாம் செய்யிற ரீமிலை. புளோறிடாவிலை." பிறகு ஃபிரிட்ஜைப் பார்த்துக்கொண்டே, "வெள்ளிக்கிழமைக்கிடையிலை சொல்ல வேணும். நான் போகட்டோ அப்பா?" என்று கேட்டாய்.

"உன்ரை விருப்பம்" என்றேன். சொல்லிவிட்டுக் குழாயைத் திறந்துவிட்டேன். கழுவுவதற்கு ஒரு கோப்பைகூட இல்லை. நீ ஃபிரிட்ஜை மூடினாய். "சரி அப்பா" என்றாய். இடியப்பத்தையும் எடுக்காமல் கீழே போய்விட்டாய்.

அந்த இரண்டு சொல்லைப் பற்றித்தான் இந்தக் கடிதம். ஆனால் அதற்கு முதலில் அந்தக் கேமைப் பற்றி எழுத வேண்டும். உனக்கு அது விளையாட்டு. அந்த வருடம் எனக்கு அது என்னவாக இருந்தது என்று நான் உனக்கு ஒருநாளும் சொன்னதில்லை.

நாங்கள் அப்போது ஸ்காபரோ அப்பார்ட்மென்றில் இருந்தோம். உனக்குப் பதின்மூன்று வயது. வன்னியில் போர் கடைசிக் கட்டத்துக்கு வந்துவிட்டிருந்தது. வீட்டில் இருந்தது ஒரே ஒரு ரிவி. அதற்கு ஒரு பக்கம் நீ, மறுபக்கம் தமிழ்ச் செய்தி. நான் ஃபக்டரியில் இருந்து வந்து செய்தியைப் போட்டால் இருக்க முடியாது, நிற்பாட்டினாலும் இருக்க முடியாது. என் தம்பி, உன் குலம் சித்தப்பா, அங்கேதான் இருந்தார். கிளிநொச்சியில் பிள்ளைகளுக்குக் கணக்குப் படிப்பித்துக்கொண்டிருந்தவர், சனத்தோடு சனமாக இடம் மாறி இடம் மாறி, கடற்கரைப் பக்கமாகப் போகிறார் என்று கேள்வி. அதற்குப் பிறகு கேள்வியும் இல்லை. ஒருநாள் நீ பயந்து பயந்து, "அப்பா, நான் கொஞ்சம் கேம் விளையாடட்டோ?" என்று கேட்டாய். விளையாடு என்றேன். உனக்காக அல்ல. அந்த ரிவியில் வேறு ஏதாவது ஓடினால் போதும் என்று இருந்தது எனக்கு.

கதிரையில் இருந்து பார்த்தேன். பெரிய மண்டபம், முகத்தில் சாயம் பூசின பெடியன்கள், மேளம், கூக்குரல். எங்கள் பள்ளிக்கூடத்துப் பெரிய ஆட்டங்கள் போலவே இருந்தது. "என்ன விளையாட்டு இது?" என்று கேட்டேன். "கொலிஜ் பாஸ்கற்போல்" என்றாய். "நானும் கொலிஜுக்கு விளையாடினனான்தான்" என்றேன். நீ விளையாட்டை நிற்பாட்டிவிட்டு வாயைத் திறந்தபடி என்னைப் பார்த்தாய். யாழ்ப்பாணத்தில் கொலிஜ் என்றால் பள்ளிக்கூடம். அரைக் காற்சட்டையோடு போகிற பள்ளிக்கூடம். அமெரிக்காக்காரனுக்கு அது யூனிவேர்சிற்றி. ஆயிரக்கணக்கான சனம் ரிக்கற் எடுத்து வந்து பார்க்கிற ஆட்டம். ஒரே சொல்லுக்கு இத்தனை அர்த்தம் இருக்கும் என்று எனக்கு எப்படித் தெரியும்? நீயும் என்னை ஒன்றும் விசாரிக்கவில்லை. அடுத்த நாளே பள்ளிக்கூடத்தில் போய்ச் சொல்லிவிட்டாய்.

பெற்றோர் சந்திப்புக்கு நானும் அம்மாவும் வந்தபோது உன் ஜிம் ரீச்சர், கதவு நிறைய நிற்கிற அந்த மனிதர், எழும்பி வந்து என் கையைப் பிடித்துக்கொண்டார். நீங்கள் கொலிஜ் அணிக்கு விளையாடினவராமே என்று கேட்டார். "யெஸ், கப்ரன்" என்றேன் நான். பொய் இல்லையே. அவர் என் தலை உச்சியை ஒருமுறை பார்த்தார், பிறகு என் காலைப் பார்த்தார், பிறகு இன்னும் மரியாதையாகக் கையைக் குலுக்கினார். இந்த உயரத்துக்கு அங்கே இடம் பிடித்தான் என்றால் ஆள் எப்பேர்ப்பட்ட விளையாட்டுக்காரனாக இருந்திருப்பான் என்று நினைத்திருப்பார். ஒருநாள் வந்து பெடியன்களோடு கதைக்க வேண்டும் என்றும் கேட்டார். பஸ்ஸில் வரும்போது நீ விசயத்தை விளங்கப்படுத்தினாய். அம்மா யன்னலோடு சாய்ந்து கண்ணில் தண்ணீர் வர வரச் சிரித்தாள். அந்த மாசி, பங்குனி, சித்திரை மாதங்களில் அவள் சிரித்தது அந்த ஒருமுறைதான் என்று நினைக்கிறேன். நான் ரீச்சரிடம் போய்த் திருத்திச் சொல்லவில்லை. எப்படிச் சொல்வது? ஃபக்டரியில் பெட்டி ஒட்டுகிறவனுக்கு யாராவது எழும்பி நின்று கை கொடுத்தால் அதை ஏன் கெடுப்பான்?

அதற்குப் பிறகுதான் நீ அந்தப் பெயர்களைக் கேட்டாய். அந்தக் கேமில் ஆட்டக்காரருக்குப் பெயர் இல்லை. சட்டையில் நம்பர் மட்டும்தான். படிக்கிற பிள்ளைகளின் பெயரைக் காசாக்கக் கூடாது என்று அங்கே ஒரு விதியாம். பெயர் வேண்டுமென்றால் விளையாடுகிறவன் தானே எழுதிப் போட வேண்டும். "உங்கடை ரீமிலை ஆர் ஆர் இருந்தது? சொல்லுங்கோ, நான் போடுறன்" என்றாய். நான் வீட்டில் வாய் திறந்து கனநாள் ஆகியிருந்தது. சொல்லத் தொடங்கினேன். நீ ஒவ்வொரு எழுத்தாகத் தேடித் தேடி அழுத்தினாய். அடுத்த வீட்டுப் பெடியன், தலைமை வாத்தியாரின் மகன், கடைசியாகக் குலம். சித்தப்பா கட்டை. அவ்வளவு கட்டையான ஆளைச் செய்ய அந்தக் கேம் விடவில்லை, அதனால் இரண்டு அங்குலம் கூட்டவேண்டியதாகிவிட்டது என்று நீ கவலைப்பட்டாய். "பரவாயில்லை, கனடாச் சாப்பாடு எண்டு நினைப்பம்" என்றாள் அம்மா குசினியில் இருந்து.

பிறகு குலம் ஓடினான். நீ ஓடவைத்தாய். உண்மையில் அவன் அப்படித்தான் ஓடுவான், குனிந்து, பந்தை நிலத்தோடு வைத்துக்கொண்டு, பெரிய ஆட்களின் கமக்கட்டுக்குக் கீழால். உனக்கு அது எப்படித் தெரிந்தது என்று எனக்கு இன்றைக்கும் விளங்கவில்லை. ரிவியில் ஒரு பக்கம் செத்தவர்களின் தொகையை மட்டும் சொல்லிக்கொண்டிருந்தார்கள், ஒருவரின் பெயரும் இல்லை. சனலை மாற்றினால் குலம் என்று முதுகில் எழுதிய சட்டையோடு என் தம்பி பந்து போட்டுக்கொண்டிருந்தான். நான் ஃபக்டரியால் வந்து சப்பாத்தைக் கழற்ற முதல் கேட்பது, "குலம் இண்டைக்கு எவ்வளவு போட்டவன்?" என்றுதான். சில பின்னேரங்களில் அம்மாவும் நானும் நடுநகரத் தெருவில் போரை நிறுத்தச் சொல்லி ஊர்வலத்தில் நின்று, கத்திக் கத்தித் தொண்டை கட்டி வீட்டுக்கு வருவோம். அப்போதும் அதைத்தான் கேட்பேன். "அவனைப் பெஞ்சிலை இருத்தாதை" என்றும் சொல்லியிருக்கிறேன். உனக்கு என் மூளை பிசகிவிட்டது என்று பட்டிருக்கும். ஆனால் நீ அவனை இருத்தவில்லை.

மே மாதம் எல்லாம் முடிந்துவிட்டது என்று அறிவித்தார்கள். அன்றைக்கு எங்கள் கட்டடம் முழுக்கச் சத்தமே இல்லை. லிஃப்ற்றில் ஏறியவர்கள் ஒருவரை ஒருவர் பார்க்கவில்லை. அதற்குப் பிறகு ரெலிபோன்தான் வாழ்க்கையாகிவிட்டது. முகாம்களில் இருந்து பெயர்கள் வந்துகொண்டிருந்தன. ஒவ்வொன்றிலும் குலத்தைத் தேடினோம். கடைசி நாட்களில் நீரேரிக் கரையில் கண்டதாக ஒருவர் சொன்னார். கண்டது அவனில்லை என்று இன்னொருவர் சொன்னார். இன்றைக்கு வரைக்கும் அவ்வளவுதான். செத்தவருக்குச் செய்கிற அந்தியேட்டி செய்யவில்லை. செய்தால் நானே ஒத்துக்கொண்ட மாதிரி ஆகிவிடும்.

ஆனி மாதம் ஒருநாள் வேலையால் வந்து பார்த்தால் ரிவியில் அணி ஓடுகிறது, குலம் இல்லை. பெஞ்சிலும் இல்லை. "சித்தப்பா எங்கை?" என்று கேட்டேன்.

"கிராஜுவேற் பண்ணிற்றார் அப்பா."

"என்ன?"

"நாலு சீசன் முடிஞ்சா எல்லாரும் போக வேணும். கொலிஜ் கேம் எண்டா அப்பிடித்தான். பெரிய ஆக்களின்ரை கேம் எண்டாத்தான் கனகாலம் வைச்சிருக்கலாம்."

"ஆரைக் கேட்டு அவனை அனுப்பினனீ?" என்று கத்தினேன். அடுத்த வீட்டுக்குக் கேட்டிருக்கும். நீ கையில் இருந்ததைக் கீழே வைத்தாய். அம்மா ஓடிவந்து, "விடுங்கோ, அது விளையாட்டெல்லோ" என்றாள். நான் குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். வெளியே வந்தபோது நீ அந்த அணியை அழித்துவிட்டு, முதலில் இருந்து தொடங்கி, திரும்ப ஒவ்வொரு எழுத்தாகத் தேடி அழுத்திக்கொண்டிருந்தாய். அடுத்த வீட்டுப் பெடியன், தலைமை வாத்தியாரின் மகன், குலம். நான் தடுத்திருக்க வேண்டும். தடுக்கவில்லை. பக்கத்தில் வந்து இருந்தேன். நாலாவது வருடம் முடிகிறது என்று கண்டால் நீ சொல்லாமல் கொள்ளாமல் முதலில் இருந்து தொடங்கிவிடுவாய். அந்தக் கோடை முழுக்க என் தம்பி முதலாம் வருடத்தில் படித்துக்கொண்டே இருந்தான்.

அந்த மாரியில் அந்தக் கேமின் புதிய பதிப்பு ஒன்று வந்தது, பிறகு வரவே இல்லை. உரிமை, வழக்கு என்று என்னவோ சொன்னாய். நீ வளர்ந்தாய். கேம் விளையாடுகிற பிள்ளை உருப்படாது என்று நான் சொன்னதைக் கேளாமல் அதையே படித்து, அதிலேயே வேலையும் எடுத்தாய். றிச்மண்ட் ஹில் கோயிலில் யாரும் கேட்டால் நான் இன்னும் கொம்பியூட்டர் எஞ்சினியர் என்றுதான் சொல்கிறேன். பொம்மைகளுக்கு முழங்கால் மடக்கப் பழக்குகிறான் என்று சொல்ல எனக்கு வாய் வருகுதில்லை. இப்போது காலம் மாறி, அந்தப் பிள்ளைகளுக்கும் காசு கொடுக்கலாம், உண்மைப் பெயரோடு வரும் என்கிறாய். நல்லது. பெயரோடு விளையாடட்டும். சித்தப்பாவின் பெயரையும் எங்காவது ஒளித்துப் போட்டுவிடலாம் என்று உனக்குத் தோன்றினால், வேண்டாம். அது அந்தப் பிள்ளைகளின் இடம்.

இந்த வீட்டைப் பற்றியும் கொஞ்சம் சொல்ல வேண்டும். அம்மாவின் ஆசைக்கு விட்பிக்கு வந்தோம். புது வீடு, புதுத் தெரு, நட்ட மரத்துக்கு இன்னும் முட்டுக் கொடுத்திருக்கிறார்கள். அவள் இரண்டு கோடைதான் இருந்தாள். அவள் போன பிறகு நீ நகரத்தில் எடுத்திருந்த அறையை விட்டுவிட்டு, "வாடகை மிச்சம்" என்று சொல்லிக்கொண்டு பேஸ்மென்றுக்கு வந்தாய். நானும் நம்பின மாதிரி இருந்தேன். இருவரும் நல்ல நடிகர்கள். இந்தத் தெருவில் சனம் கராஜுக்குள்ளால் வந்து கராஜுக்குள்ளால் போகிறது. முகம் பார்க்க வேண்டுமென்றால் தபால்பெட்டியடியில் போய் நிற்க வேண்டும். நான் நிற்கிறேன். கடிதம் இல்லை என்று தெரிந்தும் திறந்து பார்ப்பது போல நின்றால், யாராவது வந்து குளிரைப் பற்றி ஒரு சொல் சொல்லிவிட்டுப் போவார்கள். கார் ஓட இப்போது கண் விடுவதில்லை. நீ வேலையாய் இருக்கிற நாட்களில் இரவு நீ மேலே வந்தால்தான் எனக்குக் கதைக்க ஆள். தனிமை என்ற சொல்லை எங்கள் வீட்டில் யாரும் சொல்வதில்லை. "ஒரு மாதிரி இருக்கு" என்போம். எனக்குத் தனிமையாக இருக்கிறது. நீ இங்கே இருக்கும்போதே இருக்கிறது. எழுதும்போது அவ்வளவு வெட்கமாக இல்லை.

இனி நேற்றைக்கு, புதன்கிழமைக்கு வருகிறேன். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு, ஹோலில் நிலத்தில் காற்று வருகிற வென்ற்றில் கால் வைத்துக்கொண்டு இருந்தேன். சூட்டுக்காற்றோடு கீழே நீ கதைப்பதும் வரும் என்று உனக்குத் தெரியுமோ தெரியாது. ஒட்டுக்கேட்கவில்லை, கால் குளிர்ந்தது, அவ்வளவுதான். யாரோ சிநேகிதனோடு இங்கிலீஷில் கதைத்தாய். போகமுடியாது என்றாய். அவன் ஏதோ கேட்டிருக்க வேண்டும். அப்பா என் விருப்பம் என்று சொல்லிவிட்டார் என்றாய். அப்படியென்றால் போகலாம்தானே என்று அவன் சொல்லியிருப்பான். நீ சிரித்தாய். "நோ, நோ. இன் ரமில், தற் மீன்ஸ் நோ" என்றாய். தமிழில் அதற்கு வேண்டாம் என்று அர்த்தம்.

நான் காலை எடுத்துவிட்டேன். என்னைப் பற்றி நீ குறை சொல்லவில்லை, அதில் ஒரு பிழையும் இல்லை. எனக்கு விழுந்த அடி வேறு இடத்தில்.

போர்நிறுத்த காலத்தில், வன்னிப் பாதை திறந்திருந்தபோது, குலம் கொழும்புக்கு வந்தான். இங்கே வருவதற்கு ஆள் பிடித்து எல்லாம் ஒழுங்கு செய்தாயிற்று. ஃபக்டரிச் சாப்பாட்டறையில் இருந்து ரெலிபோன் காட் போட்டு அவனுக்கு எடுத்தேன். நடுநடுவே ஒரு பெண்குரல் இன்னும் இவ்வளவு நேரம்தான் இருக்கிறது என்று சொல்லிக்கொண்டிருக்கும். "அண்ணை, நான் வரட்டோ? அம்மாவை மாமி வீட்டிலை விடலாம்" என்று கேட்டான். "உன்ரை விருப்பம்" என்றேன். நான் சொன்னதற்கு அர்த்தம் வா என்பதுதான். அவன் வளர்ந்த ஆள், என்னைவிடக் கெட்டிக்காரன், நான் ஏன் பிடித்து இழுக்க வேண்டும், முடிவு அவனுடையதாக இருக்கட்டும் என்று மரியாதைக்குச் சொன்ன சொல். பெண்குரல் இன்னொருமுறை வந்து நேரம் சொன்னது. காட் முடிகிறது என்று நினைத்தேன். பிறகு, "சரி அண்ணை" என்றான். அடுத்த கிழமை எடுத்தபோது திரும்பிக் கிளிநொச்சிக்குப் போயிருந்தான்.

அவனுக்கு ஊரை விட்டு வர மனமில்லை, நான் கூப்பிட்டேன், அவன்தான் வரவில்லை என்று இத்தனை வருடமும் எல்லாருக்கும் சொல்லிவந்திருக்கிறேன். உன் அம்மாவுக்கும் அப்படித்தான் சொன்னேன். ஆனால் நான் கூப்பிடவே இல்லை, ராசா. எங்கள் அப்பா, அதாவது உன் அப்பப்பா, வீட்டில் "உன்ரை விருப்பம்" என்றால் அந்தக் கதை அதோடு முடிந்தது என்று அர்த்தம். படம் பார்க்கப் போக உடுத்துக்கொண்டு நிற்போம், அவர் பேப்பருக்குப் பின்னால் இருந்து அதைச் சொல்வார், நானும் குலமும் சட்டையைக் கழற்றிக் கொடியில் போடுவோம். அவனுக்கும் எனக்கும் ஒரே அப்பா. அவன் அந்தச் சொல்லை வேறு எப்படிக் கேட்டிருப்பான்? நான் அப்பாவின் பாசையிலே சொன்னேன், அவன் அப்பாவின் பாசையிலே விளங்கிக்கொண்டான். அண்ணைக்கு நான் பாரம் என்று நினைத்திருப்பான். வேறு காரணமும் இருந்திருக்கலாம். அவனுக்கு அந்தப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் மேல் உயிர். இல்லை என்று சொல்ல என்னிடம் ஒரு அத்தாட்சியும் இல்லை, ஓம் என்று சொல்ல அவனும் இல்லை. கனடாவில் பிறந்த என் பிள்ளை இங்கிலீஷில் சொல்லித்தான் என் வாயில் இருந்து வந்த தமிழ் எனக்கு விளங்கியது.

நேற்றுப் பின்னேரம் முழுக்க நான் உன்னோடு சரியாகக் கதைக்காமல் இருந்தது இதனால்தான். நீ ஏதோ பிழை செய்துவிட்டதாக நினைத்துக் குப்பையை எல்லாம் நீயே கொண்டுபோய் வைத்தாய்.

இன்னுமொன்றையும் ஒளிக்காமல் சொல்லிவிட வேண்டும். ஞாயிற்றுக்கிழமை நான் உன்னிடம் அதே சொல்லைச் சொன்னபோது, என் மனதில் இருந்தது போகாதே என்பதுதான். மரியாதையும் இல்லை, ஒன்றும் இல்லை. வெறும் பயம். தம்பி பிழையாக விளங்கிக்கொண்டான், நீ சரியாக விளங்கிக்கொண்டாய். சொன்ன எனக்குத்தான் இரண்டு முறையும் வாய் ஒழுங்காகத் திறக்கவில்லை.

புத்தி சொல்கிற கடிதம் என்றால் கடைசியில் நாலு புத்தி இருக்க வேண்டும். என்னிடம் இருப்பது ஒன்றுதான். உன்னிடம் ஒருவர் வந்து, போகட்டோ, வரட்டோ, செய்யட்டோ என்று கேட்டால், ஓம் என்று சொல், இல்லாவிட்டால் இல்லை என்று சொல். அதற்குப் பிறகு சண்டை வந்தாலும் பரவாயில்லை. முடிவைத் தூக்கி அவர்கள் தலையில் போட்டுவிட்டு, நான் பெருந்தன்மையாக நடந்தேன் என்று நினைத்துக்கொண்டு குழாயைத் திறக்காதே. இதை நான் அறுபத்தெட்டு வயதில் வென்ற்றடியில் இருந்து படித்திருக்கிறேன். மற்றதெல்லாம், புளோறிடா வெயில், முதலை, அங்கத்தைக் கார்க்காரர், நேரத்துக்குச் சாப்பிடுவது, அம்மா இருந்தால் சொல்லியிருப்பாள். அவள் சொன்னதாக எடுத்துக்கொள்.

பதின்மூன்று வயதில் நான் கத்தினேன் என்பதற்காக நீ எல்லாவற்றையும் அழித்துவிட்டு முதலில் இருந்து தொடங்கினாய். உனக்கு அந்த அணியில் இருந்து வென்று மேலே போக எவ்வளவு ஆசை இருந்திருக்கும் என்று நான் அன்றைக்கு யோசிக்கவில்லை. இப்போது முப்பதுக்குக் கிட்ட வந்துவிட்டாய். இந்தப் பேஸ்மென்றில் இருந்துகொண்டு, எனக்காக, அதையே திரும்பவும் செய்கிறாய். நான் கேட்காமலே செய்கிறாய். அதுதான் எனக்குக் கூடப் பயமாக இருக்கிறது.

நாளை வெள்ளிக்கிழமை. எங்கள் குடும்பத்தில் யாரும் இரண்டாம் தரம் கேட்பதில்லை. குலம் கேட்கவில்லை. நீயும் கேட்கமாட்டாய், எனக்குத் தெரியும். அதனால் நீ கேட்காமலே சொல்கிறேன். நீ போனால் நான் இந்த வீட்டில் ரிவியோடு கதைத்துக்கொண்டு திரிவேன், சில நாள் சமைக்கமாட்டேன், சில நாள் அழுவேன். நீ பக்கத்தில் இருக்க வேண்டும் என்பது என் ஆசை. அது என் ஆசை மட்டும்தான், நீ கேட்ட கேள்விக்குப் பதில் இல்லை.

போகட்டோ அப்பா என்று கேட்டாய். ஓம், போ.

அப்பா